அனால்: ஒரு சிறுமொழியின் நிலை

உலகப் பெருமொழிகளைப் பற்றி நாம் நிரம்பக் கற்கின்றோம். சிறுமொழிகளை நோக்குவது அரிது. ஆதலின், அனால் என்னும் மொழியை ஈண்டுச் சுருங்க ஆராய்வாம்.

இந்தியாவின் வடகிழக்கெல்லையில், மணிப்பூர் மாநிலத்துச் சந்தேல் மாவட்டத்திலே, சக்பி ஆற்றை அடுத்த மலைச் சிற்றூர்களில் இது வழங்குகின்றது. எல்லைக்கப்பால் மியன்மாரிலும் இதனைப் பேசுவோர் சிலர் உளர். 1960களில் பர்மாவை விட்டு வெளியேறிய தமிழர் பலர் குடியேறிய மோரே நகரமும் இப்பகுதிக்கு அண்மையிலேயே உள்ளது.

அனால், திபெத்திய-பர்மிய குடும்பத்தின் குக்கி-சின் கிளையைச் சார்ந்தது. இக்கிளையின் ஓர் இயல்பு தமிழ் மாணவர்க்குச் சுவை பயப்பதாகும். தமிழில் "வந்தேன்", "வந்தாய்" என ஈற்றில் நிற்கும் விகுதி இடங்காட்டும். அனாலின் உறவு மொழியாகிய தாடோவிலோ இடங்காட்டும் உறுப்பு முன்னே நிற்கும். "இன்" என்பது வீடு. "க இன்" என் வீடு. "ந இன்" உன் வீடு. "அ இன்" அவன் வீடு. இவ்வுறுப்புக்களே வினைச்சொல்லின் முன்னும் வந்து, செய்தவன் யாவன் என்பதை உணர்த்தும். எனவே, சிறுமொழி இலக்கணமற்ற மொழி என்பார் கூற்றுப் பொருந்தாது.

2011 ஆம் ஆண்டுக் குடிசனமதிப்பின்படி, இந்தியாவில் அனால் பேசுவோர் ஏறத்தாழ 27,000 பேர். 10,000 பேருக்குக் குறைந்தோர் பேசும் மொழிகளை அம்மதிப்பு வேறாக வெளியிடுவதில்லை. அதனால், அயல்மொழியாகிய லம்காங் "ஏனையவை" என்னும் தொகையுள் மறைந்துவிட்டது. மணிப்பூரின் பொதுமொழியாகிய மெய்தேய் 1992 இல் இந்திய அரசியலமைப்பின் எட்டாம் அட்டவணையில் இடம்பெற்றது; அனாலுக்கு அப்பேறு இல்லை. சந்தையில் மெய்தேயும் கல்வியில் ஆங்கிலமும் மேலோங்க, அனாலுக்கு உறுதியான புகலிடம் வீடும் ஊரும் திருச்சபையுமே. உரோமன் எழுத்தில் அஃது எழுதப்படுகின்றது.

கெலிஓயாச் சுற்றாடலில், சிங்களம் பேசும் பெரும்பான்மையோர் நடுவே வாழும் நமக்கு இது புறக்கதையன்று. தமிழுக்கு நீண்ட இலக்கியமும், பாடசாலையும், 1987 ஆம் ஆண்டுத் திருத்தத்தால் அரசகரும மொழி என்னும் தகுதியும் உண்டு. எனினும், பிள்ளையோடு வீட்டிற் பேசாத மொழியைச் சட்டம் மட்டும் காத்துவிடாது. பிறமொழிகளை விரும்பிக் கற்போம். ஆயினும், வீட்டு மொழியை நம் பிள்ளைகளுக்கு நாமே கொடுப்போம். அனால் மக்களிடத்து நாம் கற்கவேண்டிய பாடம் இதுவே.