டிராகனை அப்புறம் வாங்கிக்கலாம்

இன்டர்ன்ஷிப் ஸ்டைபெண்ட் கைக்கு வந்த அன்றைக்கே நான் ஒரு டிராகன் வாங்கினேன். பிளாஸ்டிக் டிராகன்தான். உடம்பு வேறு, இறக்கை வேறு, வால் வேறு என்று துண்டு துண்டாக வந்ததை ஒட்டி, இரண்டு வாரம் ராத்திரி உட்கார்ந்து பெயின்ட் அடித்து முடித்தபோது எங்கள் விங்கே வந்து பார்த்துவிட்டுப் போனது. அதற்கப்புறம்தான் ரூல் புக்கைத் திறந்தேன். டிராகன் மேல் ஏறி வருகிற ஹீரோவைப் படையில் சேர்க்கணும்னா முதலில் ஒரு ரெஜிமென்ட் வேண்டுமாம். என்னிடம் காலாட்படை என்று ஒரு ஆள்கூட இல்லை. ஸ்டைபெண்டும் இல்லை.

என்னை மாதிரி இன்னொருத்தர் காசை விடக்கூடாது என்றுதான் இதை எழுதுகிறேன். முதலில் லிஸ்ட், அப்புறம் அட்டை, கடைசியில்தான் பொம்மை.

இந்த விளையாட்டே தெரியாதவர்களுக்கு ஒரு பத்தி. சின்னச் சின்னப் பொம்மை வீரர்களை மேசையில் அணிவகுத்து நிறுத்தி, இன்ச் டேப் வைத்து நகர்த்தி, பகடை போட்டுச் சண்டை போடுவது. செஸ்ஸில் இரண்டு பேருக்கும் ஒரே 16 காய். இங்கே அப்படி இல்லை. ஒவ்வொரு படைப்பிரிவுக்கும் ஒரு புள்ளி விலை உண்டு. இரண்டு பேருக்கும் ஒரே பட்ஜெட், சும்மா 1000 புள்ளி என்று வைத்துக்கொள்ளுங்கள். அதற்குள் யார் யாரை எடுக்கிறோம் என்று எழுதுகிற தாள்தான் ஆர்மி லிஸ்ட்.

அந்தப் புள்ளி விலை மட்டும் போதுமா என்றால் போதாது. இந்த வகையில் ரொம்பப் பேருக்குத் தெரிந்த வார்ஹாமர் 1983ல் இங்கிலாந்தில் வந்தது. 1990களில் அதன் ஆட்டம் எப்படி இருந்தது என்பதற்கு ஆட்டக்காரர்கள் வைத்த கேலிப்பெயரே சாட்சி: ஹீரோஹாமர். பாதிப் பட்ஜெட்டை ஒரே ஒரு ஹீரோ மேல் கொட்டினால், அவர் தனியாளாக எதிரிப் படையையே துவைத்துவிடுவார். கூட நிற்கிற சிப்பாய்கள் சும்மா பார்வையாளர்கள். அதனால் 2000ல் வந்த 6ஆம் பதிப்பில் கோர், ஸ்பெஷல், ரேர் என்று பிரித்து, சாதாரணப் படை இத்தனை இருந்தே ஆகணும் என்று கட்டாயம் வந்தது. 2010ன் 8ஆம் பதிப்பு அதைச் சதவீதமாக்கியது: கோர் 25 சதவீதத்துக்குக் குறையக்கூடாது, லார்டுகள் 25 சதவீதத்தைத் தாண்டக்கூடாது. 2015ல் அந்த ஆட்டத்தை எடுத்துவிட்டு ஏஜ் ஆஃப் சிக்மார் என்று புதிதாகக் கொண்டுவந்தார்கள், நாலே பக்க விதிகளோடு. அதில் புள்ளிகளே கிடையாது! பிடித்ததைக் கொண்டுவந்து நிறுத்து, விளையாடு. ஒரே வருஷம்தான். 2016ல் ஜெனரல்ஸ் ஹேண்ட்புக் வழியாகப் புள்ளிகள் திரும்ப வந்துவிட்டன. பட்ஜெட் இல்லாத இடத்தில் லிஸ்ட் போடுவதற்கே வேலையில்லை, பாதி ஜாலி போய்விடுகிறது என்பது என் கட்சி.

நாங்கள் ஆடுவது கிங்ஸ் ஆஃப் வார். மான்டிக் கம்பெனிக்காக இதை எழுதியவர் அலெஸ்ஸியோ கவடோரே, அதற்கு முன்னால் வார்ஹாமர் தரப்பில் விதிகள் எழுதியவர். 2019ல் வந்த 3ஆம் பதிப்பை வைத்துச் சொல்கிறேன். மாணவர்களுக்கு இது ஏன் தோது என்றால், இதில் ஆட்கள் ஒவ்வொருவராகச் சாவதில்லை. யூனிட் முழுசும் ஒரே கட்டம். அடி விழுந்தால் பக்கத்தில் எண்ணிக்கை வைத்துக்கொள்கிறோம். உடைந்தால் மொத்தமாக எடுத்துவிடுகிறோம். ஆகவே கட்டத்தின் அளவு மட்டும் சரியாக இருந்தால் போதும், அதன் மேல் பொம்மை நிற்கணும் என்று பழகும்போது அவசியமில்லை. 20 மி.மீ. அடித்தட்டுக் காலாட்படை என்றால் ட்ரூப், அதாவது 10 பேர், 100க்கு 40 மி.மீ. ரெஜிமென்ட் 20 பேர், 100க்கு 80. ஹோர்ட் 40 பேர், 200க்கு 80. பார்சல் அட்டையில் வெட்டுங்கள், மேலே மார்க்கரில் பெயர் எழுதுங்கள். மேசைக்கும் கவலை வேண்டாம். 6க்கு 4 அடி வேண்டும். காரிடாரில் போட்டிருப்பது இரண்டடி டைல்ஸ் என்றால், மூன்றுக்கு இரண்டு டைல்ஸ், வேலை முடிந்தது. துடைக்கிற அக்கா வருகிற நேரம் மட்டும் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள்.

இப்போ லிஸ்ட். முதல் கட்டுப்பாடு, அன்லாக். ஒரு ரெஜிமென்ட் எடுத்தால் இரண்டு ட்ரூப் எடுக்கலாம், கூடவே ஹீரோ, பெருமிருகம், போர்க்கருவி மூன்றில் ஒன்றே ஒன்று. ஹோர்ட் எடுத்தால் நாலு ட்ரூப், அந்த மூன்றிலும் ஒவ்வொன்று. டிராகனும் பீரங்கியும் ஆசைப்பட்டால் அதற்குத் தகுந்த அடித்தளம் போட்டே ஆகணும். நான் செய்தது என்ன? இருப்பதிலேயே மலிவான ரெஜிமென்ட் மூன்றை வரி கட்டுகிற மாதிரி எழுதிவிட்டு, ஒரு டிராகன், இரண்டு பீரங்கி என்று மிச்சத்தை முடித்தேன். டிராகன் மட்டும் நிஜ பொம்மை, மற்றதெல்லாம் அட்டை. அந்த லிஸ்டுக்கு என்ன ஆனது என்பதைக் கணக்குக்குப் பிறகு சொல்கிறேன்.

கணக்குக்காக ஒரு சராசரி ரெஜிமென்ட் எடுத்துக்கொள்வோம். 12 தாக்குதல், 4 அல்லது மேலே விழுந்தால் பட்டது. எதிரியும் அதே மாதிரி ஆள், டிஃபென்ஸ் 4, அதாவது பட்ட அடியில் மறுபடியும் 4 அல்லது மேலே விழுந்தால்தான் காயம். நெர்வ் 14/16. அடி வாங்கிய சுற்றின் முடிவில், அதுவரை சேர்ந்த மொத்தக் காயத்தோடு இரண்டு பகடையின் கூட்டலைச் சேர்க்கிறோம். 14 வந்தால் தடுமாறும், அடுத்த சுற்றில் சார்ஜ் போக முடியாது. 16 வந்தால் உடைந்து ஓடும்.

நேருக்கு நேர் ஒரு ரெஜிமென்ட் பாய்கிறது. 12ல் பாதி 6, அதில் பாதி 3 காயம். 16ஐத் தொட இன்னும் 13 வேண்டும். இரண்டு பகடையில் 12க்கு மேல் கிடையாது. முடிந்தது கதை. சரி, இரண்டு ரெஜிமென்ட் தோளோடு தோள் நெருக்கி முன்னாலேயே பாய்ந்தால்? 6 காயம். 10 அல்லது மேலே வேண்டும். 36ல் 6 வழி, ஆறில் ஒரு பங்கு வாய்ப்பு. இரண்டு யூனிட்டின் புள்ளியைக் கொட்டி வாங்கியது இவ்வளவுதான்.

அதே இரண்டு ரெஜிமென்ட். ஒன்று முன்னால், இன்னொன்று பக்கவாட்டில். பக்கவாட்டில் பாய்ந்தால் தாக்குதல் இரண்டு மடங்கு. பின்னால் என்றால் மூன்று மடங்கு. 12ம் 24ம் சேர்ந்து 36 தாக்குதல், 18 அடி, 9 காயம். இப்போது 7 வந்தால் போதும். 36ல் 21 வழி, 58 சதவீதம். ஒரு புள்ளிகூடக் கூடுதலாகச் செலவழிக்கவில்லை, நின்ற இடம் மட்டும் மாறியது.

(கணக்குப் புலிகளுக்கு ஒரு வார்த்தை. சராசரிக் காயத்தை வைத்துப் போட்டது இது. 12 தாக்குதலில் காயத்துக்குச் சராசரி 3, திட்ட விலக்கம் 1.5. உண்மையான விடைக்கு பைனாமியல் பரவலையும் பகடையையும் சேர்க்க வேண்டும். பைத்தானில் பத்து வரி. எம்-த்ரீ அரியர் வைத்திருப்பவர்கள் பயப்படாதீர்கள், லிஸ்ட் போடச் சராசரியே போதும்.)

லிஸ்ட் எழுதுகிற விதம் முழுக்க இந்த இடத்திலிருந்துதான் வருகிறது. கொல்லன் பட்டறையை நினைத்துக்கொள்ளுங்கள். இரும்பை அடிக்கச் சம்மட்டி மட்டும் இருந்தால் ஆகாது, கீழே பட்டடை வேண்டும். முன்னால் நின்று எதிரியைப் பிடித்து வைக்கிற யூனிட் பட்டடை. டிஃபென்ஸும் நெர்வும் பார்த்து வாங்குங்கள், எவ்வளவு அடிக்கும் என்று பார்க்காதீர்கள். சுற்றிப் போய் பக்கவாட்டில் விழுகிற யூனிட் சம்மட்டி. அதற்கு வேகம் முக்கியம், ஏனென்றால் சார்ஜ் தூரம் வேகத்தைப் போல இரண்டு மடங்கு. வேகம் 5 உள்ள காலாட்படை 10 இன்ச், வேகம் 8 உள்ள குதிரைப்படை 16 இன்ச். எதிரி உங்களைத் தொடும் முன் நீங்கள் தொடலாம். என் முதல் லிஸ்டில் சம்மட்டி இருந்தது, அதுவும் பெயின்ட் அடித்த சம்மட்டி. பட்டடைக்கு இருந்தது அந்த வரிகட்டிய ரெஜிமென்ட்டுகள். ஊதினால் பறந்துவிட்டன.

அடுத்து, யாரும் ஆசைப்பட்டு வாங்காத ஒன்று. இன்ஸ்பயரிங் உள்ள கொடிக்காரர். சண்டையில் பெரிதாக ஒன்றும் செய்யமாட்டார். ஆனால் அவருக்கு 6 இன்ச்சுக்குள் நிற்கிற நம் யூனிட் உடைந்தால், எதிரி அந்த நெர்வ் பகடையை மறுபடி போட வேண்டும், இரண்டாவது விடைதான் செல்லும். மேலே பார்த்த 58 சதவீதம் இரண்டு முறை தொடர்ந்து விழணும். 0.58ஐ 0.58ஆல் பெருக்கினால் 34. ஒரு மலிவான ஆள் நின்றதால் உங்கள் பட்டடை மூன்றில் இரண்டு தடவை தப்பிக்கிறது. டிராகன் வாங்கினவனுக்கு இது எப்படித் தெரியும்.

இன்னொன்று பதர். ஆட்டக்காரர்கள் சாஃப் என்பார்கள், நெல்லைத் தூற்றினால் பறக்கிற அதே பதர்தான். விலை குறைந்த, வேகமான ட்ரூப் ஒன்று. எதிரியின் பெரிய ஹோர்ட்டுக்கு முன்னால் போய்க் குறுக்கே நிற்கும், செத்துப்போகும். ஆனால் அந்த ஒரு சுற்றில் ஹோர்ட் நம் பட்டடை மேல் பாய முடியவில்லை. அதோடு, பதரை அடித்த இடத்திலேயே நம் குதிரைகளுக்குப் பக்கவாட்டைக் காட்டிக்கொண்டு நிற்கிறது. பதருக்கு இன்னொரு உபயோகமும் உண்டு. ஆட்டத் தொடக்கத்தில் இருவரும் மாறி மாறி ஒவ்வொரு யூனிட்டாக வைக்கிறோம். முதலில் பதரை வைத்துக்கொண்டே இருந்தால், எதிராளி தன் முக்கியமான ஆட்களை எங்கே வைக்கிறான் என்று பார்த்துவிடலாம். குறைவான யூனிட் வைத்திருப்பவன் சீக்கிரமே கையைக் காட்டிவிடுகிறான்.

சூனியம், மந்திரப் பொருள்கள் பற்றி இப்போதைக்கு ஒன்றுதான்: முதல் பத்து ஆட்டத்துக்குத் தொடாதீர்கள்.

இனி என் லிஸ்டுக்கு நடந்தது. எதிரே என் ரூம்மேட். அவனிடம் நிஜ பொம்மை ஒன்றுகூட இல்லை, எல்லாம் கொரியர் டப்பா. டாமினேட் என்கிற சினாரியோ. கடைசியில் மேசையின் மையத்திலிருந்து 12 இன்ச்சுக்குள் யாருக்கு அதிக யூனிட் ஸ்ட்ரெங்த் இருக்கிறதோ அவர் ஜெயித்தார். என் டிராகன் பறந்து பறந்து இரண்டு யூனிட்டை உடைத்தது, நானும் காரிடார் அதிரக் கத்தினேன். ஆறாவது சுற்று முடிந்து எண்ணினோம். பீரங்கிக்கு யூனிட் ஸ்ட்ரெங்த் பூஜ்யம். ரெஜிமென்ட்டுகள் ஏற்கெனவே ஓடிவிட்டன. டிராகன் ஒரு ஓரத்தில் யாரையோ துரத்திக்கொண்டிருந்தது. மையத்தில் அவனுடைய அட்டைகள் மட்டும். “மச்சான், நீ யாரை அடிக்கலாம்னு லிஸ்ட் போட்ட, நான் எங்க நிக்கலாம்னு போட்டேன்” என்றான். கடுப்பாகத்தான் இருந்தது. ஆனால் அன்று ராத்திரியே லிஸ்டைக் கிழித்துவிட்டு மறுபடி எழுதினேன்.

இப்போது என் 1000 புள்ளி இப்படி: மூன்று காலாட்படை ரெஜிமென்ட், இரண்டு குதிரைப்படை ரெஜிமென்ட், இரண்டு பதர் ட்ரூப், ஒரு கொடிக்காரர். மொத்தம் எட்டு. மூன்று ரெஜிமென்ட்டுக்குப் பதில் ஒரு ஹோர்ட்டும் ஒரு ரெஜிமென்ட்டும் வைக்கலாமா என்று கேட்கலாம். ஹோர்ட் ஒரே இடத்தில் நிறைய அடிக்கும். ஆனால் ஆள் இரண்டு மடங்கு ஆனாலும் நெர்வ் இரண்டு மடங்கு ஆகாது, அதன் பக்கவாட்டில் ஒருவன் விழுந்தால் பெரிய நஷ்டம். நான் ரெஜிமென்ட் கட்சி, ரூம்மேட் ஹோர்ட் கட்சி. இந்தச் சண்டை இன்னும் முடியவில்லை.

எழுதிய பிறகு ஒவ்வொரு வரிக்கும் எதிரே “இது இல்லாவிட்டால் எந்த வேலை நிற்கும்?” என்று எழுதிப் பாருங்கள். பதில் வராத வரியை அடியுங்கள். பின்பு ஒரே லிஸ்டை மாற்றாமல் ஐந்து ஆட்டம் ஆடுங்கள். தோற்ற கையோடு மாற்றினால், தப்பு லிஸ்டிலா ஆட்டத்திலா என்று தெரியாமலே போய்விடும். ஐந்து ஆட்டத்துக்குப் பிறகும் தாளில் நிற்கிற யூனிட்டுக்குத்தான் கடையில் பெட்டி வாங்கணும்.

ஒரு கணக்கு உங்களுக்கு. மேலே சொன்ன முன்பக்கம், பக்கவாட்டுத் தாக்குதலில் எதிரியின் டிஃபென்ஸ் 4க்குப் பதில் 5. மற்றதெல்லாம் அப்படியே. உடையும் வாய்ப்பு என்ன? 6 இன்ச்சுக்குள் கொடிக்காரர் நின்றால் என்ன? விடையோடு வருகிறவர்களுக்கு எங்கள் காரிடாரில் ஆறு டைல்ஸ் காலியாக இருக்கும், சனிக்கிழமை மெஸ் டிபன் முடிந்ததும்.