சம்பளத்துக்கு அனிமேஷன், ராத்திரிக்கு பேண்டு

கேள்வி: இசைக் கல்லூரிப் பக்கமே போகாமல், சின்ன பட்ஜெட் படங்களுக்கு இசையமைத்தே ஒருவர் பேர் வாங்க முடியுமா?

பதில்: வாங்கியிருக்கிறாரே, அமெரிக்காவின் கார்ட்டர் பர்வெல்! நியூயார்க் பக்கம் கம்ப்யூட்டர் அனிமேஷன் வேலை பார்த்துக்கொண்டு, ராத்திரிகளில் பேண்டுகளில் வாசித்தவர். இயக்குநர்கள் கோயன் சகோதரர்கள் அங்கே இங்கே பணம் திரட்டித் தங்கள் முதல் படமான ‘பிளட் சிம்பிள்’ (1984) எடுத்தபோது, ஒலித்தொகுப்பாளர் ஸ்கிப் லீவ்சே இவர் பெயரைச் சொன்னார். அவர்களுக்கும் முதல் படம், இவருக்கும் முதல் படம். அந்தக் கூட்டணி இன்றுவரை பேசப்படுகிறது.

அவர்களின் ‘ஃபார்கோ’வில் (1996) பர்வெல் என்ன செய்தார் தெரியுமா? நார்வே நாட்டுப் பழம்பாடல் ஒன்றின் மெட்டை எடுத்து, பனிவெளியில் ஊர்ந்து வரும் சாதாரணக் காருக்குக் காவியத்துக்கு வாசிப்பதுபோல ஆர்கெஸ்ட்ராவை முழங்கவிட்டார். அந்தப் பொருத்தமின்மைதான் படத்தின் குசும்பு. ‘நோ கன்ட்ரி ஃபார் ஓல்டு மென்’ (2007) படத்திலோ இசை இருப்பதே தெரியாது. (நம் ஊர்த் தயாரிப்பாளர் விடுவாரா!) நடுவில் ‘ட்வைலைட்’ போன்ற வசூல் படங்களும் உண்டு. ஆஸ்கர் பரிந்துரை ‘கரோல்’ (2015) படத்துக்குத்தான் முதலில் வந்தது.

நீங்களும் ஒலித்தொகுப்பாளர்களோடு பழகி வையுங்கள். வேலையை மட்டும் அவசரப்பட்டு விட்டுவிடாதீர்கள்; முதல் படம் வந்த பிறகும் பர்வெல் அனிமேஷன் சம்பளத்தில்தான் இருந்தார்.