இருட்டில் ஓடிய தபால் கப்பல்

கேள்வி: ரேடார் வராத காலத்தில் கரையோரப் பயணிகள் கப்பல்கள் இரவில் எப்படி ஓடின?

பதில்: ஆபத்தான கரைகளில் இருட்டியதும் நங்கூரம் போட்டுவிடுவார்கள். நார்வேயின் வடகரையோ பாறைத் தீவுகள் மண்டிய இடம்; குளிர்காலத்தில் வாரக்கணக்கில் சூரியன் உதிக்காது. அங்கே ராப்பகலாகத் தபால் கப்பல் விட ஆள் தேடியபோது பெரிய கம்பெனிகள் பின்வாங்கின. ரிச்சர்ட் வித் என்ற கேப்டன் துணிந்தார். 1893 ஜூலை 2 அன்று அவருடைய 'வெஸ்டரோலன்' நீராவிக் கப்பல் ட்ரோன்ஹெய்மிலிருந்து ஹாமர்ஃபெஸ்ட்டுக்குக் கிளம்பியது.

அவருடைய கைமுதல் குறிப்புகள்தான். எந்தத் திசையில், என்ன வேகத்தில், எவ்வளவு நேரம் ஓடினால் பாறையைத் தாண்டலாம் என்று அவரும் வழிகாட்டி மாலுமியும் விடாமல் எழுதி வைத்திருந்தார்கள். திசைகாட்டி, கடிகாரம், அந்தக் குறிப்புகள்: இவற்றை நம்பியே இருட்டில் கப்பலைச் செலுத்தினார்கள். இந்தப் பொறுமையான உழைப்பைத்தான் நான் துணிச்சலைவிட மேலாக மதிக்கிறேன்.

குளிர்காலத்தில் மாதக்கணக்கில் தேங்கிய கடிதங்கள் சில நாட்களில் போய்ச் சேர்ந்தன. சாலையோ ரயிலோ எட்டாத ஊர்களுக்குத் தபால் பை, மாவு மூட்டை, பயணிகள் எல்லாம் அதே கப்பலில்தான் வந்தன. திரும்பும்போது மீன் ஏறியது. 1898-இல் தடம் தெற்கே பெர்கன் வரையிலும், 1914-இல் ரஷ்ய எல்லையருகே கிர்கெனஸ் வரையிலும் நீண்டது.