வண்டிக்கும் ஒரு சிட்டை

சனிக்கிழமை காலை பத்து மணி. பள்ளிவாசல் சாலையில் வண்டிகள் ஏறி வருகின்றன. வளைவில் வேகம் குறைகிறது. கண்ணாடி இறங்குகிறது. உள்ளே இருப்பவர்கள் தேயிலைத் தோட்டத்தைப் பார்க்கிறார்கள்.

இவர்களில் பலர் கொச்சி நகரத்திலிருந்து வருகிறார்கள். விடியற்காலையில் புறப்படுகிறார்கள். மலையைப் பார்த்துவிட்டு இரவே திரும்புகிறார்கள். வண்டி வாடகை வண்டி. ஓட்டுநரே வழிகாட்டி. இதை ஒரு நாள் சுற்றுலா என்கிறார்கள்.

அந்த வண்டிகளை நாம் தினமும் பார்க்கிறோம். அவற்றை ஓட்டுபவர்களில் நம் லயத்துப் பிள்ளைகளும் உண்டு. சுற்றுலா நல்லபடியாக நடக்க என்ன வேண்டும்? எங்கள் வகுப்பில் நடந்ததைச் சொல்கிறேன்.

அம்மாவின் கவலை

ஒரு நாள் மாலை வகுப்புக்கு வந்த ஓர் அம்மா நோட்டைத் திறக்கவே இல்லை. அவர் கொழுந்து எடுக்கும் தொழிலாளி. அவருடைய மகன் கடன் வாங்கிச் சொந்தமாக ஒரு வாடகைக் கார் ஓட்டுகிறார். கொச்சியில் தங்கி வேலை செய்கிறார்.

"என்னம்மா, உடம்பு சரியில்லையா?" என்று கேட்டேன்.

"உடம்புக்கு ஒண்ணுமில்ல டீச்சர். பையன் சண்டை போட்டுக்கிட்டு வந்திருக்கான்" என்றார்.

நடந்தது இதுதான். ஒரு குடும்பம் போனில் பேசியது. "மூணாறு சுற்றிக் காட்டுகிறேன், ஆறாயிரம் ரூபாய்" என்று மகன் சொன்னார். அவர்களும் சரி என்றார்கள். மகனின் மனதில் இருந்தவை மூணாறும் மாட்டுப்பட்டி அணையும். அவர்களின் மனதில் மறையூரும் இருந்தது. மறையூர் வெல்லத்துக்குப் பெயர் போன ஊர். சந்தனக் காடும் உண்டு.

பகல் இரண்டு மணிக்கு அவர்கள் கேட்டார்கள்: "மறையூருக்கு எப்போது போகிறோம்?"

"அங்கே போனால் இன்று திரும்ப முடியாது" என்றார் மகன்.

பேச்சு வளர்ந்தது. கடைசியில் அவர்கள் 500 ரூபாய் குறைத்துக் கொடுத்தார்கள். அந்த மாதம் வண்டிக் கடன் கட்டப் பணம் போதவில்லை.

இதில் யார் பொய் சொன்னார்கள்? யாரும் சொல்லவில்லை. 'சுற்றிக் காட்டுவது' என்ற பேச்சை இரண்டு பேரும் இரண்டு விதமாகப் புரிந்துகொண்டார்கள். எழுதி வைக்காததால் எது சரி என்று பார்க்க வழியில்லை.

எங்கள் வகுப்பில் மூத்தவர் ஒரு பாட்டி. அவர் சொன்னார்: "கொழுந்து நிறுக்கிறப்போ நாம சிட்டையப் பாக்கிறோம்ல? பேரு சரியா இருக்கா, கிலோ சரியா இருக்கான்னு பாக்கிறோம். வண்டிக்கும் அப்படி ஒரு சிட்டை வேணும்."

அன்று நான் வைத்திருந்த பாடத்தை மூடிவிட்டேன். பாட்டி சொன்னதே பாடம் ஆயிற்று.

தூரமும் நேரமும்

முதலில் கரும்பலகையில் கணக்குப் போட்டோம்.

கொச்சியிலிருந்து மூணாறு சுமார் 130 கிலோமீட்டர். நேரியமங்கலம் தாண்டினால் மலைப்பாதை. அங்கே வேகமாகப் போக முடியாது. சாப்பிட நிற்க வேண்டும். அருவியைப் பார்க்க நிற்க வேண்டும். எல்லாம் சேர்த்து நாலரை மணி நேரம் என்று வைத்தோம்.

காலை 6 மணிக்குப் புறப்பட்டால் மூணாறு வர 10.30 மணி ஆகும். மாலை 4 மணிக்குத் திரும்பினால் கொச்சி சேர இரவு 8.30 மணி ஆகும். அப்படியானால் மலையில் இருக்கும் நேரம் எவ்வளவு? ஐந்தரை மணி நேரம். மதியச் சாப்பாட்டுக்கு ஒரு மணி நேரம் போனால் மிச்சம் நாலரை மணி.

மாட்டுப்பட்டி அணை மூணாற்றிலிருந்து சுமார் 13 கிலோமீட்டர். அங்கே போய் வரலாம். மறையூர் சுமார் 40 கிலோமீட்டர். போக வர 80 கிலோமீட்டர். அதுவும் மலைப்பாதை. போய்வரவே மூன்று மணி நேரம் போய்விடும். இறங்கிப் பார்க்க நேரம் இருக்காது. இரவில் மலை இறங்குவது ஆபத்தும் கூட.

ஆகவே மறையூர் போக வேண்டுமானால் மூணாற்றில் ஓர் இரவு தங்க வேண்டும். இதை முதலிலேயே சொல்லிவிட்டால் சண்டை இல்லை.

வரையாடு பார்க்க இரவிகுளம் தேசியப் பூங்காவுக்குப் போக விரும்புவோர் பலர். ஆடுகள் குட்டி போடும் காலத்தில் பூங்காவை மூடிவிடுவார்கள். பெரும்பாலும் பிப்ரவரி, மார்ச் மாதங்களில் இது நடக்கும். பூங்கா திறந்திருக்கிறதா என்று விசாரித்த பிறகே சிட்டையில் எழுத வேண்டும்.

சிட்டையில் என்ன இருக்க வேண்டும்?

வகுப்பில் எல்லாரும் ஆளுக்கொரு வரி சொன்னார்கள். நான் பலகையில் எழுதினேன். அவர்கள் நோட்டில் எழுதினார்கள்.

1. பயண நாள்
2. புறப்படும் இடம், நேரம்
3. பார்க்கும் இடங்களின் பெயர்
4. திரும்பிச் சேரும் நேரம்
5. மொத்த வாடகை
6. வாடகையில் சேர்ந்த செலவு (டீசல், ஓட்டுநர் படி)
7. வாடகையில் சேராத செலவு (நுழைவுச் சீட்டு, படகு, சாப்பாடு, வண்டி நிறுத்தும் கட்டணம்)
8. வண்டி எண்
9. இருவர் கையெழுத்து

இந்தச் சிட்டை ஓட்டுநருக்கு மட்டும் அல்ல. நாமும் வண்டி பிடிக்கிறோம். பழநிக்குப் போகிறோம். கல்யாணத்துக்குத் தேனி போகிறோம். அப்போது நமக்கும் இது வேண்டும். இரண்டு தாளில் எழுதி, ஆளுக்கு ஒன்று வைத்துக்கொள்ள வேண்டும்.

இன்னொன்றையும் பாருங்கள். வாடகைக்கு ஓடும் காரில் எண் பலகை மஞ்சள் நிறமாக இருக்கும். எழுத்து கறுப்பாக இருக்கும். சொந்த உபயோக வண்டியில் பலகை வெள்ளை. வெள்ளைப் பலகை வண்டியை வாடகைக்கு ஓட்டச் சட்டத்தில் இடமில்லை. விபத்து நடந்தால் காப்பீட்டுப் பணம் கிடைப்பதும் கஷ்டமாகிவிடும். எனவே ஏறும் முன் பலகையைப் பாருங்கள்.

வழியில் என்ன சொல்வது?

அடுத்த வாரம் அந்த அம்மாவின் மகன் வகுப்புக்கு வந்தார். சிட்டையைப் பார்த்துச் சந்தோஷப்பட்டார். பிறகு தயங்கிக்கொண்டே ஒன்று கேட்டார்.

"எனக்கு வழி தெரியும். ஆனா வழியில இருக்கிறதப் பத்திச் சொல்லத் தெரியல. அந்தக் குழாய் என்னன்னு கேக்கிறாங்க. கரண்டு குழாய்னு மட்டும் சொல்றேன்."

எல்லாரும் சிரித்தோம். பிறகு யோசித்தோம். எங்களில் எத்தனை பேருக்குத் தெரியும்? தெரிந்ததைச் சேர்த்தோம். தெரியாததைப் படித்தும் பெரியவர்களிடம் கேட்டும் எழுதினோம்.

நேரியமங்கலம் பாலம்: பெரியாற்றின் குறுக்கே நிற்கிறது. 1935-ல் திறந்தது. மூணாற்றுக்கு வந்த பழைய பாதை 1924 வெள்ளத்தில் அழிந்தது. அதன் பிறகு வந்தது இந்தப் பாதை.

பள்ளிவாசல்: கேரளத்தின் முதல் நீர்மின் நிலையம் இங்கேதான் உள்ளது. 1940-ல் ஓடத் தொடங்கியது. முதிரப்புழை ஆற்றுத் தண்ணீர் பெரிய குழாய்கள் வழியாக மலைச்சரிவில் இறங்குகிறது. அந்த வேகத்தில் சக்கரம் சுழல்கிறது. சக்கரம் சுழல்வதால் மின்சாரம் பிறக்கிறது.

மூணாறு: முதிரப்புழை, நல்லதண்ணி, குண்டளை என்று மூன்று ஆறுகள் கூடும் இடம். ஒரு காலத்தில் இங்கே ரயில் ஓடியது. தேயிலைப் பெட்டிகள் ரயிலில் டாப் ஸ்டேஷன் போயின. அங்கிருந்து கம்பியில் தொங்கிக் கீழே கொட்டகுடிக்கு இறங்கின. பிறகு போடிக்குப் போயின. 1924 வெள்ளத்தில் ரயில் பாதை அழிந்தது. பிறகு ரயில் வரவே இல்லை.

தேயிலைத் தோட்டம்: இந்த மலையில் செடி வைக்கத் தமிழ்நாட்டுப் பக்கத்திலிருந்து கங்காணிகள் ஆள் கூட்டி வந்தார்கள். அவர்களின் பேரன் பேத்திகள்தான் நாம். இரண்டு இலையும் ஒரு மொட்டும் சேர்த்துக் கிள்ளுகிறோம்.

இங்கே ஒரு விவாதம் வந்தது. 2015 செப்டம்பரில் மூணாற்றில் தோட்டப் பெண்கள் போனசுக்கும் கூலிக்கும் போராடினார்கள். ஒன்பது நாள் சாலையில் உட்கார்ந்தார்கள். 20 சதவீத போனஸ் பெற்றார்கள். 2020 ஆகஸ்ட் 6 இரவு பெட்டிமுடியில் மலை சரிந்தது. லயங்கள் மண்ணுக்குள் போயின. 70 பேர் உயிர் போனது. இவற்றையும் வழிகாட்டி சொல்ல வேண்டுமா?

"சந்தோஷமா வர்றவங்ககிட்ட துக்கத்தைச் சொல்லலாமா?" என்றார் ஓர் அக்கா.

"பச்சை மட்டும்தான் தெரியுதுன்னா, நாம இங்க இருக்கிறது அவங்களுக்கு எப்படித் தெரியும்?" என்றார் பாட்டி.

பெட்டிமுடியில் சொந்தக்காரரை இழந்த ஓர் அக்கா வகுப்பில் இருக்கிறார். அவர் அதுவரை பேசவில்லை. கடைசியில் சொன்னார்: "கேட்டா சொல்லட்டும். சிரிச்சுக்கிட்டே சொல்ல வேணாம். வண்டிய நிறுத்திட்டுச் சொல்லட்டும்."

அதையே எழுதிக்கொண்டோம்.

படம் எடுப்பது பற்றியும் ஒரு வரி எழுதினோம். கொழுந்து எடுப்பவர்களைப் படம் எடுக்கும் முன் கேட்க வேண்டும். இதை வழிகாட்டி முதலிலேயே சொல்ல வேண்டும். வேண்டாம் என்றால் விட்டுவிட வேண்டும்.

அடுத்த பயணம்

பதினைந்து நாள் கழித்து மகன் ஒரு குடும்பத்தை அழைத்து வந்தார். சிட்டையை முதல் நாளே போனில் படம் எடுத்து அனுப்பியிருந்தார். அவர்கள் படித்துவிட்டு ஓர் இடத்தைக் குறைத்தார்கள். "குழந்தை இருக்கிறது, மெதுவாகப் போவோம்" என்றார்கள்.

பள்ளிவாசலில் வண்டி நின்றது. அந்தக் குழாய் என்ன என்று கேட்டார்கள். இந்த முறை அவர் ஆற்றின் பெயரைச் சொன்னார். வருஷத்தைச் சொன்னார். சக்கரம் சுழல்வதைக் கையால் சுற்றிக் காட்டினார். குழந்தையும் கையைச் சுற்றியது.

எல்லாம் சரியாக நடந்ததா? இல்லை. மாட்டுப்பட்டியில் படகுக்குக் காத்திருந்து ஒரு மணி நேரம் தாமதம் ஆனது. காத்திருக்கும் நேரத்துக்குப் பணம் உண்டா? சிட்டையில் அது இல்லை. மகன் கேட்கவில்லை. அவர்களும் கொடுக்கவில்லை. ஆனால் சண்டை வரவில்லை. பேசிய வாடகை முழுவதும் கைக்கு வந்தது.

மறுநாள் வகுப்பில் அந்த அம்மா நோட்டைத் திறந்தார். ஒன்பதாவது வரிக்குக் கீழே தானே எழுதினார்:

10. தாமதம் ஆனால் ஒரு மணி நேரத்துக்கு எவ்வளவு?

எழுத்து கொஞ்சம் கோணல். ஆனால் பிழை இல்லை.

பயிற்சி

புதிய சொற்கள்: வழிகாட்டி, வாடகை, படி, நுழைவுச் சீட்டு, காப்பீடு, நீர்மின் நிலையம்.

பேசுவோம்:
1. மகனுக்கும் முதல் குடும்பத்துக்கும் சண்டை வரக் காரணம் என்ன?
2. ஒரே நாளில் கொச்சியிலிருந்து மறையூர் போய்த் திரும்புவது ஏன் கடினம்?
3. பெட்டிமுடி பற்றி வகுப்பு எடுத்த முடிவு சரியா? உங்கள் கருத்து என்ன?

கணக்கு: கொச்சியிலிருந்து மூணாறு போக 130 கிலோமீட்டர். திரும்ப 130 கிலோமீட்டர். மலையில் சுற்ற 30 கிலோமீட்டர். மொத்தம் எவ்வளவு? ஒரு கிலோமீட்டருக்கு 20 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். ஓட்டுநர் படி 400 ரூபாய். மொத்த வாடகை எவ்வளவு? (விடை: 290 கிலோமீட்டர், 6,200 ரூபாய்)

எழுதுவோம்: உங்கள் குடும்பம் ஒரு நாள் போய்வர நினைக்கும் ஊர் எது? அதற்கு ஒரு சிட்டை எழுதுங்கள். பத்து வரியும் இருக்கிறதா என்று பக்கத்தில் இருப்பவரிடம் காட்டிச் சரிபாருங்கள்.