இரண்டு கம்ப்யூட்டர், ஒரே விளையாட்டு: சேவ் ஃபைலைக் காப்பாற்றுவது எப்படி?

(இரண்டாம் ஆண்டு, கம்ப்யூட்டர் பிரிவு)

ஆண்டு மலருக்குக் கட்டுரை கேட்டபோது மற்றவர்கள் ரோபோ, செயற்கை நுண்ணறிவு, சந்திரயான் என்று தலைப்பு எடுத்துக்கொண்டார்கள். நான் வீடியோ கேம் சேவ் ஃபைலைப் பற்றி எழுதப்போகிறேன் என்றதும் அறையில் இருந்தவர்கள் சிரித்தார்கள். சிரிக்கட்டும். போன தீபாவளி லீவில் ஒரு சேவ் ஃபைலால் என் தங்கச்சி மூன்று நாள் என்னோடு பேசவில்லை. அதற்குக் காரணம் வைரஸும் இல்லை, ஹார்டு டிஸ்க் கெட்டதும் இல்லை. கம்ப்யூட்டர் பிரிவில் படிக்கிற நான்தான்.

ஸ்டார்ட்யூ வேலி என்று ஒரு விளையாட்டு. 2016-இல் வந்தது. அமெரிக்காவைச் சேர்ந்த எரிக் பரோன் என்பவர் தனி ஆளாக நாலு வருஷத்துக்கு மேல் உட்கார்ந்து படம், இசை, புரோகிராம் எல்லாவற்றையும் தானே செய்தது. தாத்தா விட்டுப்போன நிலத்தைச் சுத்தம் செய்து, விதை போட்டு, ஆடு மாடு வளர்க்க வேண்டும். (எங்க அம்மா பார்த்துவிட்டு, "வெயிலே இல்லாம விவசாயமா?" என்று கேட்டார்கள்.) விளையாட்டில் ஒரு நாள் என்பது நம் கணக்கில் ஏறக்குறைய 14 நிமிஷம். 28 நாள் ஒரு பருவம். நாலு பருவம் ஒரு வருஷம். ராத்திரி போய்ப் படுத்தால்தான் அன்றைய ஆட்டம் சேவ் ஆகும்.

வீட்டில் ஒரு பழைய டெஸ்க்டாப் இருக்கிறது. ஹாஸ்டலில் அறைத் தோழனின் லேப்டாப். ஒரே பண்ணையை நான் இங்கேயும் தங்கச்சி அங்கேயும் ஆடினோம். வீட்டில் இன்டர்நெட் கிடையாது. ஆகவே பென் டிரைவில் சேவ் ஃபோல்டரைக் காப்பி செய்து நான்தான் கொண்டுபோய்க் கொண்டு வருவேன். தீபாவளிக்குப் போனவன், பென் டிரைவில் இருந்ததன் தேதியைப் பார்த்தேன்: அக்டோபர். வீட்டுக் கம்ப்யூட்டரில் இருந்ததன் தேதியைப் பார்த்தேன்: 2009 ஜனவரி 1. சரி, அது பழசு என்று முடிவு செய்து, "ரீப்ளேஸ்" கொடுத்துவிட்டேன். கொஞ்ச நேரம் கழித்து உள்ளேயிருந்து சத்தம்: "அண்ணே, என் மாடு எங்க?"

நான் இல்லாத நாட்களில் அவள் ஒரு முழுப் பருவம், 28 நாள், ஆடியிருந்தாள். மாடு வாங்கியிருக்கிறாள். பூசணி போட்டிருக்கிறாள். 28-ஐ 14-ஆல் பெருக்கிப் பாருங்கள், 392 நிமிஷம். ஆறரை மணி நேர வேலை ஒரு கிளிக்கில் போச்சு. 2016-இல் வந்த விளையாட்டின் ஃபைலுக்கு 2009-ஆம் வருஷத் தேதி எப்படி வரும் என்று எனக்கு அப்போது தோன்றவில்லை. அந்த டெஸ்க்டாப்பின் மதர்போர்டில் இருக்கும் சின்ன சிமாஸ் பேட்டரி செத்துப்போயிருந்தது. மெயின் சுவிட்சை அணைத்துப் போட்டால் கடிகாரம் பழைய தேதிக்குப் போய்விடும். லேபில் தினமும் பேட்டரியைப் பார்க்கிறவன்தான் நான்!

இனிப் பாடத்துக்கு வருவோம்.

சேவ் ஃபைல் என்பது விளையாட்டு இல்லை; விளையாட்டில் நாம் எங்கே நிற்கிறோம் என்ற குறிப்பு மட்டுமே. விளையாட்டு பல ஜிபி இருக்கலாம், குறிப்பு சிறிசு. நம்மில் பலர் ஆடிய ஜிடிஏ சான் ஆண்ட்ரியாஸில் ஒரு சேவ் ஏறக்குறைய 200 கேபிதான். விளையாட்டு அழிந்தால் மறுபடி இன்ஸ்டால் செய்துகொள்ளலாம். சேவ் போனால் யாரும் தர முடியாது.

முன்பெல்லாம் இந்தக் குறிப்பை மனிதர்களே எழுதி வைத்தார்கள். 1986-இல் ஜப்பானில் வந்த டிராகன் குவெஸ்ட், ஆட்டத்தை நிறுத்தும்போது 20 ஜப்பானிய எழுத்துகளைத் திரையில் காட்டும். நோட்டில் எழுதிக்கொண்டு, மறுநாள் அதையே உள்ளே போட வேண்டும். இரண்டாம் பாகத்தில் அது 52 எழுத்து வரை போனது. ஒரு எழுத்து தப்பினாலும் ஆட்டம் அம்பேல். பிறகு கார்ட்ரிட்ஜுக்குள் பேட்டரி வைத்தார்கள். 1987-இல் அமெரிக்காவில் விற்ற லெஜண்ட் ஆஃப் ஜெல்டா அப்படிப்பட்டது. அந்தப் பேட்டரி தீர்ந்தால் சேவும் தீர்ந்தது. பிளேஸ்டேஷனுக்கு 128 கேபி மெமரி கார்டு வந்தது. அந்த நோட்டுப் புத்தகத்தில் ஒரு நல்லது உண்டு, கவனித்தீர்களா? மெஷின் எரிந்து போனாலும் நோட்டு இருக்கும்.

இப்போது சேவ் எங்கே இருக்கிறது என்பதே பெரிய தேடல். ஒவ்வொரு விளையாட்டும் ஒவ்வொரு மூலையில் வைக்கிறது. விண்டோஸில் ரன் கட்டத்தைத் திறந்து, சதவீதக் குறி, ஆப்டேட்டா, மறுபடி சதவீதக் குறி என்று இடைவெளி விடாமல் ஆங்கிலத்தில் அடித்து என்டர் தட்டினால் ஒரு ஃபோல்டர் திறக்கும். ஸ்டார்ட்யூ வேலியும் மைன்கிராஃப்டின் ஜாவா பதிப்பும் அதற்குள்ளே இருக்கும். வைஸ் சிட்டி, சான் ஆண்ட்ரியாஸ் இரண்டும் டாக்குமென்ட்ஸுக்குள் தங்கள் பெயரில் "யூசர் ஃபைல்ஸ்" என்று ஒரு ஃபோல்டர் வைத்திருக்கும். அதனால்தான் "டி டிரைவில் கேம் ஃபோல்டரை அப்படியே காப்பி எடுத்துட்டேன்டா, ஒண்ணும் ஆகாது" என்று சொல்கிறவன், விண்டோஸை ஃபார்மட் செய்த பிறகு அழுகிறான். அவன் எடுத்தது விளையாட்டை; சேவ் சி டிரைவில் இருந்தது.

அடுத்து முக்கியமான இடம். பேக்கப், சிங்க் இரண்டையும் ஒன்றென்று நினைக்கிறோம். பேக்கப் என்றால் நேற்று இருந்ததை நேற்று இருந்தபடியே தனியாக வைப்பது. சிங்க் என்றால் இரண்டு இடத்தையும் ஒரே மாதிரி ஆக்குவது. இங்கே அழித்தால் அங்கேயும் அழியும். இங்கே கெட்டால் அந்தக் கெட்டதும் ஒழுங்காக அங்கே போய்ச் சேரும். விண்டோஸோடு வரும் ரோபோகாப்பி கட்டளையில் எம்.ஐ.ஆர். என்று ஒரு சுவிட்ச் உண்டு. கண்ணாடி மாதிரி ஆக்கு என்று அர்த்தம். சேருமிடத்தில் அதிகப்படியாக எது இருந்தாலும் அதை அழித்துவிடும். ஊர், பெயர் மாற்றி அடித்துவிட்டால், காலி ஃபோல்டரின் கண்ணாடியாக உங்கள் சேவ் ஃபோல்டரும் காலியாகும். சிங்க்கை நம்பி பேக்கப்பை விட்டவர்கள் எல்லாம் இங்கேதான் விழுகிறார்கள்.

சிங்க்கில் உண்மையான கஷ்டம் காப்பி எடுப்பதில் இல்லை. எது புதுசு என்று கண்டுபிடிப்பதில் இருக்கிறது. தேதியைப் பார்த்தால் போச்சு என்பீர்கள். தேதி என்பது அந்தந்தக் கம்ப்யூட்டர் சொல்லும் சாட்சி. அதன் கடிகாரம் பொய் சொன்னால் ஃபைலும் பொய் சொல்லும். போதாக்குறைக்கு, பென் டிரைவ் ஃபேட்32 என்ற அமைப்பில் இருந்தால் ஃபைல் மாறிய நேரத்தை இரண்டு விநாடிக்கு ஒரு படி என்றுதான் குறிக்கும், அதுவும் உள்ளூர் நேரத்தில். ஹார்டு டிஸ்கின் என்டிஎஃப்எஸ் அமைப்போ உலகப் பொது நேரத்தில் மிக நுணுக்கமாகக் குறிக்கும். ஆகவே ஒரே ஃபைல் இரண்டு இடத்தில் விநாடிக் கணக்கில் வித்தியாசமாகத் தெரியும். இன்னொன்று: காப்பி செய்யும்போது "மாடிஃபைடு" தேதி அப்படியே வரும், "கிரியேட்டட்" தேதி காப்பி செய்த நேரமாக மாறிவிடும். இரண்டையும் குழப்பிக்கொள்ளாதீர்கள்.

சரி, கடிகாரம் சரியாகவே இருந்திருந்தால்? அப்போதும் நான் தப்பித்திருக்க மாட்டேன். ஆகஸ்டில் நான் காப்பி எடுத்தபோது பண்ணையின் வயது 52 நாள். ஹாஸ்டலில் நான் 5 நாள் ஆடினேன், 57. வீட்டில் அவள் 28 நாள் ஆடினாள், 80. இதில் எது புதுசு? 80 பெரிசுதான். ஆனால் நான் ஆடிய 5 நாள் அந்த 80-க்குள் இல்லை! அவள் ஆடிய 28 நாள் என் 57-க்குள் இல்லை. ஒன்று பழசு, ஒன்று புதுசு என்பதே இங்கே கிடையாது. ஒரு கிளை இரண்டாகப் பிரிந்துவிட்டது.

இதைக் கண்டுபிடிக்க ஒரு அழகான வழி இருக்கிறது. லெஸ்லி லாம்போர்ட் என்ற அறிஞர், பல கம்ப்யூட்டர்கள் சேர்ந்து வேலை செய்யும்போது கடிகாரத்தை நம்பாமல் எது முன், எது பின் என்று எண்ணிக்கையாலேயே சொல்லலாம் என்று 1978-இல் எழுதினார். 1983-இல் கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் லாஸ் ஏஞ்சலஸ் கிளையில் லோகஸ் என்ற அமைப்பைச் செய்தவர்கள், ஃபைல்களுக்கு "வெர்ஷன் வெக்டர்" என்ற முறையை வெளியிட்டார்கள். பெயர்தான் பயமுறுத்தும், கணக்கு மூன்றாம் வகுப்புப் பிள்ளைக்கும் புரியும். ஒவ்வொரு கம்ப்யூட்டருக்கும் ஒரு எண். எந்தக் கம்ப்யூட்டரில் ஃபைல் மாறுகிறதோ அதன் எண்ணை மட்டும் ஒன்று கூட்ட வேண்டும்.

எங்கள் கதையில் போட்டுப் பார்க்கலாம். ஆகஸ்டில்: வீடு 40, ஹாஸ்டல் 12. ஹாஸ்டலில் 5 நாள் கழித்து என் காப்பி: வீடு 40, ஹாஸ்டல் 17. வீட்டில் இருந்தது: வீடு 68, ஹாஸ்டல் 12. ஒப்பிடுங்கள். வீட்டு எண்ணில் அவள் பெரிசு, ஹாஸ்டல் எண்ணில் நான் பெரிசு. அப்படியானால் மோதல், எந்த மெஷினும் தானாக முடிவு செய்யக்கூடாது, மனிதனைக் கேட்க வேண்டும். அவள் தொடாமலே இருந்திருந்தால் வீட்டில் இருப்பது 40, 12; என்னுடையது 40, 17. எந்த எண்ணிலும் நான் குறைவில்லை, ஒன்றில் அதிகம். கண்ணை மூடிக்கொண்டு ரீப்ளேஸ் செய்யலாம். இதில் எங்கேயாவது தேதி வந்ததா? பேட்டரி செத்தால்கூடக் கவலையில்லை.

சிங்க்திங் என்ற இலவச மென்பொருள் உள்ளுக்குள் இந்த முறையைத்தான் பயன்படுத்துகிறது. நடுவில் சர்வர் கிடையாது, இன்டர்நெட் இல்லாவிட்டாலும் ஒரே ரவுட்டரில் இருக்கும் இரண்டு கம்ப்யூட்டர்கள் நேராகப் பேசிக்கொள்ளும். மோதல் வந்தால் ஒன்றின் பெயரில் "சிங்க் கான்ஃப்ளிக்ட்" என்று சேர்த்து ஓரமாக வைக்கும், அழிக்காது. எதை ஓரமாக வைப்பது என்பதற்கு மட்டும் அதுவும் தேதியைத்தான் பார்க்கிறது. ஆகவே எங்கள் வீட்டில் அது இருந்திருந்தாலும் தங்கச்சியின் பண்ணைதான் ஓரமாகப் போயிருக்கும், ஆனால் இருந்திருக்கும். அதில் பழைய பதிப்புகளைச் சேர்த்துவைக்கும் வசதியும் உண்டு. தானாக வேலை செய்யாது, நாம்தான் ஆன் செய்ய வேண்டும். அதுவும் மற்ற கம்ப்யூட்டரிலிருந்து வரும் மாற்றத்துக்குத்தான். நம் கையால் இங்கேயே அழித்ததை அது காப்பாற்றாது.

ஸ்டீமில் வாங்கி ஆடுகிறவர்களுக்கு ஸ்டீம் கிளவுட் இருக்கிறது. 2008-இல் வந்தது. எல்லா விளையாட்டுக்கும் இல்லை. விளையாட்டைச் செய்தவர் சேர்த்திருக்க வேண்டும். இங்கே ஒரு சேவ், அங்கே ஒரு சேவ், எது வேண்டும் என்று சில சமயம் ஒரு பெட்டி வந்து கேட்கும். அவசரத்தில் எதையாவது அமுக்காதீர்கள். அமுக்குவதற்கு முன் இங்கே இருக்கும் சேவ் ஃபோல்டரை டெஸ்க்டாப்பில் ஒரு காப்பி போட்டுவிட்டு அமுக்குங்கள். எந்த விளையாட்டு எங்கே சேவ் வைக்கிறது என்று தேட முடியாதவர்களுக்கு லூடுசாவி என்ற இலவச மென்பொருள், தானே தேடி எல்லாவற்றையும் ஒரே இடத்தில் பேக்கப் எடுத்துத் தரும். நல்ல மென்பொருள்.

இதெல்லாம் இல்லாமல் நான் இப்போது செய்வது இவ்வளவுதான். விளையாட்டை மூடிவிட்டுத்தான் காப்பி எடுக்கிறேன். எழுதிக்கொண்டிருக்கும்போது எடுத்தால் பாதி ஃபைல் வரும். சான் ஆண்ட்ரியாஸ் மாதிரி விளையாட்டுகள் ஃபைலின் கடைசியில் செக்சம் என்று ஒரு கூட்டுத்தொகை வைத்திருக்கும். ஒரு பைட் மாறினாலும் கணக்கு இடிக்கும். பென் டிரைவைப் பிடுங்குவதற்கு முன் "எஜக்ட்" கொடுக்கிறேன். எதன் மேலும் நேராகப் போடுவதில்லை. அங்கே இருப்பதன் பெயரை முதலில் மாற்றிவிட்டு, புதுசை வைத்து, விளையாட்டைத் திறந்து, மாடு, கோழி எல்லாம் எண்ணிப் பார்த்த பிறகுதான் பழசை வேறு ஃபோல்டருக்கு நகர்த்துகிறேன். பேக்கப் ஃபோல்டர் பெயரில் தேதியோடு அந்த இரண்டு எண்ணும் இருக்கும்.

ஸ்டார்ட்யூ வேலியின் சேவ் ஃபைலை நோட்பேடில் திறந்தால் படிக்க முடியும் என்பதும் பிறகுதான் தெரிந்தது. அதற்குள்ளேயே எத்தனையாவது நாள், எந்தப் பருவம், எத்தனையாவது வருஷம் என்று இருக்கிறது. அந்த ஃபோல்டரிலேயே "ஓல்டு" என்ற பெயரோடு முந்தைய நாளின் சேவும் இருக்கும். நான் ஃபோல்டரையே மாற்றிப் போட்டதால் அதுவும் சேர்ந்து போயிருந்தது. ரீசைக்கிள் பின்னில் தேடினேன், ரீப்ளேஸ் செய்தது அங்கே வராது.

சிமாஸ் பேட்டரியை லீவு முடியும் முன் மாற்றிவிட்டேன். தங்கச்சி பூசணியை மறுபடி போட்டாள். மாட்டுக்கு அதே பெயர் வைத்திருக்கிறாள். இப்போது நான் வீட்டுக்குப் போய்ப் பையை இறக்கி வைப்பதற்குள், கதவுக்குப் பின்னால் மாட்டிய காலண்டரைக் கையில் எடுத்துக்கொண்டு வருகிறாள். அதன் ஓரத்தில் பென்சிலால் வீடு இத்தனை, ஹாஸ்டல் இத்தனை என்று எழுதியிருக்கும். "உன் பென் டிரைவ்ல என்ன நம்பர் இருக்கு, சொல்லு" என்கிறாள். சொன்ன பிறகுதான் கீபோர்டு என் கைக்கு வருகிறது.