மழை வலுக்கும் முன் சர்க்கரையில்லாச் சாக்லேட்

ஐப்பசி பிறந்துவிட்டால் தீபாவளிப் பட்சணப் பட்டியல் போடும் வேலை தொடங்கிவிடும். அதிரசத்துக்கு மாவு இடிப்பது, முறுக்கு அச்சைத் தேடி எடுப்பது, லேகியத்துக்குச் சுக்கும் திப்பிலியும் வாங்குவது என்று வீடு பரபரக்கும். அதே வீட்டில் இனிப்பைத் தொடக் கூடாதவர் ஒருவராவது இருப்பார். இந்தியாவில் 10.1 கோடிப் பேருக்கு நீரிழிவு இருப்பதாக 2023இல் வெளியான ஐ.சி.எம்.ஆர். - இண்டியாப் (INDIAB) ஆய்வு கணக்கிட்டது. எடையைக் குறைக்கப் பேலியோ, கீட்டோ என்று மாவுச்சத்தையும் சர்க்கரையையும் விட்டவர்கள் தனி. பண்டிகை நாளில் இவர்கள் கையில் மிக்சரைக் கொடுத்துவிடுவது வழக்கம். கடலை மாவிலும் அரிசி அவலிலும் ஆன மிக்சர் இவர்களுக்கு எந்த வகையிலும் நல்லதல்ல. இவர்களுக்கென்று தட்டில் உண்மையான இனிப்பு ஒன்று இருக்க வேண்டும் என்று நினைப்பவர்கள் இந்த வாரமே சாக்லேட் வேலையைத் தொடங்கிவிடலாம். வடகிழக்குப் பருவமழை வழக்கமாக அக்டோபர் 20ஐ ஒட்டித் தொடங்கும். காற்றில் ஈரம் ஏறிய பிறகு இந்த வேலை கடினமாகிவிடும்.

ஏன் சாக்லேட்? மைசூர்பாகு, அதிரசம், ஜாங்கிரி எல்லாவற்றிலும் சர்க்கரை வெறும் சுவைக்காகச் சேர்வதில்லை. பாகுப் பதம்தான் அவற்றின் உடல். சர்க்கரையை எடுத்துவிட்டு மாற்று இனிப்பைப் போட்டால் கம்பிப் பதம் வராது, மைசூர்பாகு நிற்காது. சாக்லேட்டின் கதை வேறு. அதைக் கட்டியாக நிறுத்துவது கோகோ பட்டர் என்னும் கொழுப்பு. மணமும் நிறமும் கோகோவிலிருந்து வருகின்றன. சர்க்கரையை முழுதாக நீக்கினாலும் அது சாக்லேட்டாகவே இருக்கும். உணவுக் கட்டுப்பாட்டில் உள்ளவருக்குப் போலி இனிப்பு கொடுக்கிறோமே என்ற குறை இல்லாமல் கொடுக்கத் தகுந்த பண்டம் இது.

முதல் வேலை சாமான் வாங்குவது. பேக்கரி சாமான் கடைகளில் ‘டார்க் காம்பவுண்ட்’ என்ற பெயரில் விற்கும் பாளங்களை இதற்கு வாங்கக் கூடாது. அவற்றில் கோகோ பட்டருக்குப் பதில் வேறு தாவரக் கொழுப்பு இருக்கும். உட்பொருள் பட்டியலில் சர்க்கரைதான் முன்னால் நிற்கும். பாலில் கலந்து குடிக்கும் ‘டிரிங்கிங் சாக்லேட்’ தூளும் வேண்டாம், அதிலும் பாதிக்கு மேல் சர்க்கரை. கேட்டு வாங்க வேண்டியது சர்க்கரை சேர்க்காத கோகோ பவுடர். உட்பொருள் வரிசையில் கோகோ தவிர வேறொன்றும் இருக்கக் கூடாது, காரம் சேர்த்துப் பதப்படுத்தியது என்ற குறிப்பு மட்டும் இருக்கலாம். அப்படிப் பதப்படுத்திய பவுடர் கருத்தும் கசப்புக் குறைந்தும் இருக்கும் என்பதால் இனிப்பும் குறைவாகவே தேவைப்படும். கோகோ பட்டர் அழகு சாதனக் கடைகளிலும் கிடைக்கிறது. அங்கே வாங்காமல், உண்ணத் தகுந்தது என்று அச்சிட்ட பொட்டலத்தையே வாங்க வேண்டும். பொள்ளாச்சி, ஆனைமலைப் பக்கத் தென்னந்தோப்புகளில் கோகோ ஊடுபயிராக விளைகிறது. அந்தக் கோகோவிலேயே சாக்லேட் செய்து விற்கும் சிறு நிறுவனங்களும் இருக்கின்றன. விலை கூடுதல்தான். ஆனால் ஒரு வீட்டுக்கு வேண்டியது சில நூறு கிராம்.

பல வீடுகள் தவறிப்போகும் இடம் இனிப்பு. கருப்பட்டி, வெல்லம், நாட்டுச் சர்க்கரை, தேன், பேரீச்சம்பழம் ஆகியவற்றில் செய்த சாக்லேட்டை ‘சர்க்கரை இல்லாதது’ என்று நம்பிக் கொடுக்கிறார்கள். வெள்ளைச் சர்க்கரை இல்லை என்பது வரைக்கும் அது சரி. ஆனால் வெல்லத்தின் பெரும்பகுதி சுக்ரோஸ், தேனில் ஐந்தில் நான்கு பங்கு சர்க்கரைகள், காய்ந்த பேரீச்சையின் எடையில் பாதிக்கு மேல் சர்க்கரை. இரும்புச்சத்தும் மணமும் கூடுதல் என்பதற்காக இரத்தச் சர்க்கரை ஏறாமல் இருக்காது. நீரிழிவு உள்ளவருக்குக் கருப்பட்டிச் சாக்லேட்டும் கடைச் சாக்லேட்டும் ஏறக்குறைய ஒன்றே. கடையில் வாங்கும்போதும் இதே கவனம் வேண்டும். ‘சர்க்கரை இல்லை’ என்று அச்சிட, 100 கிராமில் 0.5 கிராமுக்கு மேல் சர்க்கரை இருக்கக் கூடாது என்பது இந்திய உணவுப் பாதுகாப்பு விதி. ‘சர்க்கரை சேர்க்கப்படவில்லை’ என்பது வேறு. பழத்திலும் பாலிலும் இயல்பாக உள்ள சர்க்கரை அதில் இருக்கலாம்.

வீட்டுச் சாக்லேட்டுக்கு எரித்ரிட்டால் என்ற மாற்று இனிப்பு கைகொடுக்கும். சர்க்கரையில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கு இனிப்பு. இரத்தச் சர்க்கரையை உயர்த்துவதில்லை. கலோரி மிகக் குறைவு. இரண்டு குணங்களைத் தெரிந்துகொண்டு பயன்படுத்த வேண்டும். ஒன்று, இது கொழுப்பில் கரையாது. அப்படியே போட்டால் பல்லில் மணல்போல் நெறுநெறுக்கும். ஈரமில்லாத மிக்ஸியில் மாவாக அரைத்து, தூசு அடங்கிய பிறகு மூடியைத் திறந்து, சலித்துச் சேர்க்க வேண்டும். இன்னொன்று, நாக்கில் புதினா பட்டதுபோன்ற ஒரு குளிர்ச்சி. எரித்ரிட்டாலைக் குறைத்து, சீனித்துளசிப் பொடியைச் சிட்டிகை சேர்த்தால் அந்தக் குளிர்ச்சி தெரியாது. சீனித்துளசிச் சாறு சர்க்கரையைவிட 200 முதல் 300 மடங்கு இனிப்பு என்பதால் கொஞ்சம் கூடினாலும் கசந்துவிடும். சொட்டு மருந்து போன்ற திரவ வடிவில் விற்பதை இங்கே தவிர்ப்பது நல்லது. அதிலுள்ள நீர் சாக்லேட்டைக் கெடுக்கும்.

எரித்ரிட்டாலையும் அளவில்லாமல் உண்ணலாம் என்று யாரும் எண்ண வேண்டாம். இரத்தத்தில் எரித்ரிட்டால் அதிகம் இருந்தவர்களிடம் மாரடைப்பும் பக்கவாதமும் கூடுதலாகக் காணப்பட்டதாக ‘நேச்சர் மெடிசின்’ இதழில் 2023இல் ஓர் ஆய்வு வெளியானது. அது தொடர்பைக் காட்டியது, காரணத்தை நிறுவவில்லை. ஆனாலும் இதயநோய் உள்ளவர்கள் மருத்துவரைக் கேட்டுக்கொள்வதே சரி. அதே ஆண்டு மே மாதம் உலக சுகாதார நிறுவனம், எடையைக் குறைக்கும் வழியாகச் சுக்ரலோஸ், சீனித்துளசி போன்ற மாற்று இனிப்புகளை நம்ப வேண்டாம் என்று பரிந்துரைத்தது. ஏற்கெனவே நீரிழிவு உள்ளவர்களுக்கு அந்தப் பரிந்துரை பொருந்தாது என்றும் அதிலேயே குறிப்பிட்டிருக்கிறது. பண்டிகைக்கு நான்கு துண்டு என்பது ஒன்று, ஆண்டு முழுவதும் தினமும் என்பது வேறொன்று.

இனி செய்முறை. கோகோ பட்டர் 100 கிராம், கோகோ பவுடர் 60 கிராம், அரைத்துச் சலித்த எரித்ரிட்டால் 40 கிராம், ஒரு சிட்டிகை உப்பு, கொஞ்சம் வெனிலாப் பொடி. கிண்ணம், கரண்டி, அச்சு எல்லாம் துளி ஈரமும் இல்லாமல் உலர்ந்திருக்க வேண்டும். பாத்திரத்தில் வெந்நீர் வைத்து, அதன்மேல் நீர் தொடாதபடி கிண்ணத்தைப் பொருத்தி கோகோ பட்டரை உருக்க வேண்டும். ஆவி கிண்ணத்துக்குள் இறங்காமல் பார்த்துக்கொள்வது முக்கியம், ஏனெனில் ஒரு துளி நீர் பட்டாலும் சாக்லேட் திரண்டு கட்டிதட்டிவிடும். அப்படி ஆகிவிட்டால் தூக்கி எறிய வேண்டாம். சூடான பாலையோ தேங்காய்ப் பாலையோ கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக் கிளறினால் அது வழவழப்பான சாஸாக மாறும். அன்றைக்கே தீர்த்துவிட வேண்டும், அச்சில் ஊற்ற ஆகாது.

உருகியதும் பவுடர்களைச் சிறிது சிறிதாகச் சலித்துக் கலந்து, நன்றாக அடிக்க வேண்டும். இங்கேதான் பொறுமை. கோகோ பட்டர் ஆறு வகைப் படிகங்களாக உறையக் கூடியது. அவற்றில் ஐந்தாவது வகைதான் பளபளப்பும், உடைத்தால் ‘டக்’கென்ற ஓசையும், வாயில் மட்டும் உருகும் குணமும் கொடுக்கும். அது ஏறக்குறைய 34 டிகிரி செல்சியஸில் உருகும். அந்தப் படிகத்தை வரவழைக்கும் வேலைக்குப் பெயர் டெம்பரிங். கலவையை 45 டிகிரிவரை சூடேற்றி, கிளறிக்கொண்டே 27, 28 டிகிரிக்கு ஆறவிட்டு, மறுபடியும் 31 டிகிரிக்குக் கொண்டுவந்து அச்சில் ஊற்ற வேண்டும். சமையல் வெப்பமானி ஒன்று இருந்தால் போதும். ஏசி உள்ள அறையில், மழையில்லாத நேரத்தில் செய்தால் முதல் முறையே சரியாக வர வாய்ப்புண்டு. இதெல்லாம் முடியாத வீடுகள் வருந்த வேண்டியதில்லை. ஊற்றி ஃபிரிட்ஜில் வைத்து, உண்ணும் நேரத்தில் எடுத்தால் மேலே கொஞ்சம் வெளிறித் தெரியும், சுவையில் குறை இருக்காது.

மேலை நாட்டுச் செய்முறைகள் பலவற்றில் கோகோ பட்டருக்குப் பதில் தேங்காய் எண்ணெய் சொல்லியிருப்பார்கள். எண்ணெய் வீட்டிலேயே இருக்கிறதே என்று இங்கே பலரும் அதைப் பின்பற்றுகிறார்கள். தேங்காய் எண்ணெய் 24, 25 டிகிரியிலேயே உருகிவிடும். ஐப்பசி வெயிலில் சென்னையிலோ மதுரையிலோ அந்தச் சாக்லேட் தட்டில் வைத்த சில நிமிடங்களில் குழம்பாகிவிடும். விருந்தினருக்கு நீட்டவோ பெட்டியில் கட்டிக் கொடுக்கவோ அது உதவாது. ஊட்டியிலும் கொடைக்கானலிலும் இருப்பவர்கள் மட்டும் தாராளமாகச் செய்யலாம்.

மேற்சொன்ன அளவில் 200 கிராம் கிடைக்கும். 20 துண்டாக ஊற்றினால் துண்டு 10 கிராம், ஏறக்குறைய 50 கலோரி. சர்க்கரை இல்லை என்றாலும் கொழுப்பு முழுதாக இருக்கிறது. எடை குறைப்பவர்கள் இந்தக் கணக்கை மறக்கக் கூடாது. ஒரு பங்கில் சுக்குப் பொடியும் மிளகும் சேர்த்துப் பார்க்கலாம். லேகியத்தின் காரம் தெரிந்த நாக்குக்குக் கோகோவின் கசப்போடு அது மிகப் பொருத்தமாக இருக்கும். இன்னொரு பங்கில் வறுத்த பாதாம், பூசணி விதை, எள் தூவி, பட்டர் பேப்பரில் மெல்லிய தகடாகப் பரப்பி உடைத்துக்கொள்ளலாம். தேங்காய் விரும்புவோர் ஈரமில்லாத உலர்ந்த துருவலையே சேர்க்க வேண்டும்.

கோகோ பட்டர் கிடைக்காத ஊர்களில் பாதாம் கோகோ லட்டு செய்யலாம். 100 கிராம் பாதாமை வறுத்து ஆறவைத்துப் பொடித்து, 20 கிராம் கோகோ பவுடரும் 30 கிராம் அரைத்த எரித்ரிட்டாலும் கலந்து, உருக்கிய நெய் விட்டுப் பிடித்தால் போதும். நியாண்டர் செல்வனின் எழுத்துகள் வழியாகத் தமிழ்நாட்டில் பரவிய பேலியோவில் காலை உணவே 100 பாதாம்தான் என்பதால், அந்த உணவுமுறையில் உள்ளவர்களுக்கு இதில் புதிதாக ஒன்றும் இல்லை. அன்றைய பாதாமில் லட்டுக்கான அளவைக் கழித்துக்கொள்ள வேண்டும். பேலியோவைக் கறாராகப் பின்பற்றுபவர்கள் நிலக்கடலையையும், மாற்று இனிப்பையும்கூட ஒதுக்குவார்கள். கொடுக்கும் முன் கேட்டுக்கொள்வது மரியாதை.

எதற்கும் நேரமில்லாதவர்களுக்கு ஒரு நேர்வழி உண்டு. 85 சதவீதக் கோகோ உள்ள டார்க் சாக்லேட்டில் 10 கிராம் துண்டுக்குச் சர்க்கரை ஏறத்தாழ ஒன்றரை கிராம்தான். சில துண்டுகளோடு நிறுத்தத் தெரிந்த பெரியவருக்கு, மால்டிட்டால் சேர்த்த ‘சுகர் ஃப்ரீ’ சாக்லேட்டைவிட இதுவே மேல். மால்டிட்டால் இரத்தச் சர்க்கரையைக் கணிசமாக உயர்த்தும். அதிகம் உண்டால் வயிறு உப்பிப் பேதியாகும்.

சிலருக்கு இந்தச் சாக்லேட்டையே கொடுக்கக் கூடாது. கோகோவில் பொட்டாசியமும் பாஸ்பரசும் ஆக்சலேட்டும் அதிகம். சிறுநீரக நோயால் கட்டுப்பாட்டில் உள்ளவர்களும் சிறுநீரகக் கல் வந்தவர்களும் மருத்துவரைக் கேட்காமல் தொட வேண்டாம். நீரிழிவுக்காக டாபாகிளிஃப்ளோசின், எம்பாகிளிஃப்ளோசின் வகை மாத்திரை எடுப்பவர்கள், பண்டிகைக்காக எடை குறைக்கிறேன் என்று தாமாகக் கீட்டோவில் இறங்குவது ஆபத்து. இரத்தச் சர்க்கரை பெரிதாக ஏறாமலேயே இரத்தம் அமிலமாகும் நிலைக்கு அது கொண்டுபோகலாம். இன்சுலினோ கிளிமிபிரைட் போன்ற மாத்திரையோ எடுப்பவர்களுக்கு இன்னொரு எச்சரிக்கை. அலைச்சலில் சாப்பாடு தள்ளிப்போய், வியர்த்து, கை நடுங்கினால் சர்க்கரையில்லாச் சாக்லேட் உதவாது. சாதாரணச் சாக்லேட்டும் கொழுப்பால் தாமதமாகத்தான் ஏறும். அப்போது வேண்டியது 15 கிராம் குளுக்கோஸ் அல்லது சர்க்கரை கரைத்த நீர். பண்டிகை நாளிலும் அது கைக்கெட்டும் இடத்தில் இருக்க வேண்டும்.

புதிய இனிப்பு எதுவானாலும் தீபாவளிக்கு முன்பே ஒரு நாள் இரண்டு துண்டு உண்டு, 2 மணி நேரம் கழித்து குளுக்கோமீட்டரில் பார்த்துவிடலாம். உடல் எப்படி எடுத்துக்கொள்கிறது என்பது அப்போதே தெரிந்துவிடும்.

செய்து முடித்ததைக் காற்றுப் புகாத டப்பாவில் பட்டர் பேப்பர் அடுக்கி, ஃபிரிட்ஜில் வைக்க வேண்டும். வெளியே எடுத்ததும் திறக்காமல் அரைமணி நேரம் அறையில் வைத்துவிட்டுத் திறந்தால் மழைக்காலக் காற்றின் ஈரம் சாக்லேட்டின்மேல் முத்துமுத்தாகப் படியாது. அக்கம்பக்கத்துக்குக் கொடுக்கும் பெட்டியின்மேல் செய்த தேதியையும், சேர்த்த இனிப்பின் பெயரையும், பாதாம் இருந்தால் அதையும் எழுதி ஒட்டிவிட வேண்டும். சைலிட்டால் என்ற மாற்று இனிப்பும் கோகோவும் நாய்களுக்கு நஞ்சு என்பதால், நாய் வளர்க்கும் வீடுகளுக்குப் பெட்டியை நீட்டும்போது அதையும் வாய்விட்டுச் சொல்லிவிடுவது நல்லது.