இறக்கிய பட்டா எங்கே போச்சு?

மணலூர்பேட்டையில் ஜெராக்ஸ் கடை வாசலில் நின்றுகொண்டு போனைத் தடவுகிறவர்கள் பலர் தேடுவது, இப்போதுதான் இறக்கிய பட்டாவைத்தான்.

குரோமில் இறக்கியிருந்தால், மேலே வலது மூலையில் உள்ள மூன்று புள்ளியைத் தொட்டு ‘டவுன்லோட்ஸ்’ போங்கள். கடைசியாக இறக்கியது முதலில் நிற்கும். அங்கே இல்லையா? ‘ஃபைல்ஸ்’ அல்லது ‘மை ஃபைல்ஸ்’ செயலியில் ‘டவுன்லோட்ஸ்’ அறையைத் திறந்து, தேதி வாரியாக வரிசைப்படுத்துங்கள். ஐபோனிலும் ‘ஃபைல்ஸ்’தான்.

வாட்ஸ்அப்பில் வந்த பிடிஎஃப் பெரும்பாலும் இந்த அறைக்குள் வராது. அனுப்பியவர் பெயரைத் தொட்டால் ‘மீடியா, லிங்க்ஸ், டாக்ஸ்’ என்று வரும். அதில் ‘டாக்ஸ்’ பாருங்கள். மொத்த அரட்டையையும் மேலே தள்ளிக்கொண்டிருப்பது வீண் வேலை.

கிடைத்ததும் ‘ரீநேம்’ கொடுத்து ‘ஆத்தங்கரை நிலம் பட்டா’ என்று பெயர் வையுங்கள். எண்ணும் எழுத்துமாக வரும் பெயர் அடுத்த மாதம் யாருக்கு நினைவிருக்கும்?

பிரிண்ட் எடுத்தபின், கடைக் கணினியில் உங்கள் கோப்பை அழிக்கச் சொல்லிவிட்டுக் கிளம்புங்கள்.